கடவுச்சீட்டின் ஒரு மூலை

1

விமான நிலையங்களில் எனக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. கண்ணாடிக் கூண்டுக்குள் இருக்கும் அதிகாரி கையை நீட்டுவார். நானும் கடவுச்சீட்டை நீட்டுவேன். ஆனால் முழுதாகக் கொடுக்க மாட்டேன், ஒரு மூலையைப் பிடித்தபடியே நிற்பேன். அவர் இழுப்பார், நானும் இழுப்பேன். வேண்டுமென்று செய்வதில்லை, கை தன்பாட்டில் செய்கிறது. பின்னால் நிற்கும் என் கணவர் அன்ரன், "விடுமப்பா, அந்தாள் அதைத் தின்னப் போறேல்லை" என்று முதுகில் இடிப்பார். இப்போது பல இடங்களில் இயந்திரக் கதவுகள் வந்துவிட்டன. அதில் நானே வைத்து நானே எடுத்துக்கொள்ளலாம் என்பதால் இயந்திரங்கள் மேல் எனக்கு நல்ல மதிப்பு.

செப்டம்பர் கடைசியில் மகள் ஷெரினைப் படிக்க விடுவதற்காக மால்ட்டாவுக்குக் கூட்டிப்போனோம். அங்கே கூண்டுக்குள் ஓர் இளம்பெண் இருந்தாள். "நீங்கள் விட்டால்தான் நான் பார்க்கலாம், மடம்" என்று சிரித்துக்கொண்டே சொன்னாள். ஷெரினுக்கு மானம் போய்விட்டது. பெட்டிகள் வரும் இடம்வரை என்னோடு பேசவில்லை.

சிரிக்க வைப்பதற்காக இதை எழுதத் தொடங்கவில்லை. நத்தார் வருகிறது. லண்டன் கிங்ஸ்பரியில் எங்கள் வீட்டில் மரம் வைத்தாயிற்று, வெளிச்சம் போட்டாயிற்று, பயற்றம் பணியாரமும் கொக்கிசும் சுட்டாயிற்று. பயம் வந்தால் என் கைக்கு வேலை வேண்டும். சுடுவதற்கு இனி மா இல்லை என்பதால் எழுதுகிறேன்.

2

ஊரில் இருந்து இதை வாசிக்கும் உங்களுக்கு மால்ட்டா எங்கே இருக்கிறது என்று தெரியாமல் இருக்கலாம். வெட்கப்பட ஒன்றுமில்லை, எனக்கும் போன வருடம்வரை தெரியாது. இத்தாலிக்குக் கீழே கடலுக்குள் கிடக்கிறது. யாழ்ப்பாணக் குடாநாட்டுக்குள் அதைப் போட்டு மூடிவிடலாம், நாடே அவ்வளவுதான். ஆனால் அங்கே அரசாங்கப் பல்கலைக்கழகமும் இருக்கிறது, தெருவுக்குத் தெரு தனியார் கல்லூரிகளும் இருக்கின்றன.

எங்கள் ஆட்களிடம் "பிள்ளை கம்பஸ் எடுபட்டிட்டாள்" என்று சொன்னால் அதற்கு மேல் பேச்சில்லை. யாருடைய கம்பஸ் என்று ஒருவரும் கேட்பதில்லை. கம்பஸ் என்றால் அரசாங்கத்துடைய பல்கலைக்கழகம். தனியார் என்றால் காசு கொடுத்து வாங்கியது என்று ஒரு முகச்சுளிப்பு வரும். இத்தனை வருடம் லண்டனில் இருந்தும் அந்த முகச்சுளிப்பை நாங்கள் கைவிடவில்லை. தமிழ்ப் பூசை முடிந்து மாதா கோயில் மண்டபத்தில் ரோல்ஸ் சாப்பிட்டுக்கொண்டு நிற்கும்போது திரேசா அக்கா என்னிடம் கேட்டா.

"மால்ட்டாவிலையோ? கவர்ன்மென்டோ, பிரைவேட்டோ?"

"மெடிசின் அக்கா" என்றேன்.

கேட்ட கேள்விக்கு அது பதில் இல்லை என்று அவவுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். உண்மையில் அது மெடிசின்கூட இல்லை. மெடிசினுக்கு முந்திய ஒரு வருடம். ஷெரினுக்கு இங்கே உயர்தரச் சோதனையில் புள்ளி கொஞ்சம் குறைந்துவிட்டது, லண்டனில் மருத்துவக் கதவு சாத்திவிட்டது. மால்ட்டாவில் ஒரு தனியார் கல்லூரியில் இந்த ஒரு வருடத்தைப் படித்து, சோதனைகளில் நல்ல புள்ளி எடுத்தால், அடுத்த வருடம் மருத்துவப் படிப்புக்குள் விடுவார்கள். முதல் சோதனை ஜனவரியில். ஆனால் கோயிலில் ஷெரின் அப்போதே டொக்டர் ஆகிவிட்டாள். இரண்டொருவர் தங்கள் பிரஷரைப் பற்றி அவளிடம் கேட்கவும் தொடங்கிவிட்டார்கள்.

அதே தீவில் என் அக்கா ரெஜினாவின் மகன் கெவினும் படிக்கிறான், கம்பியூட்டர். அவன் இருப்பது அரசாங்கக் கம்பஸ். உள்ளூர்ப் பிள்ளைகளுக்கு அங்கே கட்டணம் இல்லை, கைச்செலவுக்குக்கூடக் கொடுக்கிறார்கள். ஐரோப்பிய ஒன்றியத்துப் பிள்ளைகளுக்கும் கட்டணம் இல்லை. மற்றவர்களுக்கு வெளிநாட்டார் கட்டணம். பிரித்தானியா ஒன்றியத்தை விட்டு வெளியே வந்தபிறகு லண்டன் பிள்ளைகள் 'மற்றவர்கள்'.

நானும் அக்காவும் யுத்த காலத்தில், ஆட்களைக் களவாக வெளிநாடு அனுப்பும் ஒரே ஏஜென்சியின் கையில், ஒரே அறையிலிருந்து புறப்பட்டவர்கள். அவளை ஒருவன் பிரான்சில், பரிஸ் நகரில் இறக்கினான், என்னை இன்னொருவன் லண்டனில் இறக்கினான். நீ அதிர்ஷ்டக்காரி, உனக்கு இங்கிலீசு நாடு கிடைத்துவிட்டது என்று அக்கா தொலைபேசியில் அழுதாள். இன்று அவளுடைய மகன் மரங்களும் பூனைகளும் நிறைந்த பெரிய வளாகத்தில் படிக்கிறான். என் மகள் கடற்கரைத் தெருவில் ஐஸ்கிரீம் கடைக்கு மேலே இரண்டு மாடியில் படிக்கிறாள். எந்த ஏஜென்ட் யாரை எந்தப் பக்கம் கூட்டிப்போனான் என்பதுதான் இருவருக்கும் உள்ள வித்தியாசம்.

குறை சொல்லக் கூடாது. ஷெரினுடைய ஆசிரியர்கள் கெட்டிக்காரர்கள். வகுப்பில் கொஞ்சப் பிள்ளைகள்தான், எல்லோரையும் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். கெவினை அவனுடைய கம்பஸில் ஒருவருக்கும் தெரியாதாம். இருந்தாலும் எனக்குப் பயம். கம்பஸ் என்றால் அது நேற்றும் இருந்தது, நாளைக்கும் இருக்கும். ஐஸ்கிரீம் கடைக்கு மேலே இருக்கும் ஒன்று நாளைக்கும் அங்கேயே இருக்கும் என்று யார் பொறுப்பு? வேலைக்குப் போகும் பஸ்ஸில் இருந்தபடி ஒவ்வொரு காலையும் அந்தக் கல்லூரியின் இணையத்தளத்தைத் திறந்து பார்ப்பேன். அது திறந்தால் கல்லூரி இன்னும் இருக்கிறது என்று அர்த்தம். பிறகுதான் நான் இறங்கிப்போய் மருந்துக்கடைக் கவுண்டரில் நின்று மற்றவர்களுக்குப் புன்னகையோடு மாத்திரை கொடுப்பேன்.

3

இந்தக் கல்லூரியைக் காட்டியதும் ஓர் ஏஜென்சிதான். வெம்பிளியில் ஒரு நகைக்கடைக்கு மேலே அலுவலகம். சென்னையிலிருந்து வந்த ஒரு தம்பி, நல்ல பிள்ளை, கழுத்தில் அடையாள அட்டை, மேசையில் வழுவழுப்பான புத்தகங்கள். "பயப்படாதீங்க ஆன்ட்டி. எல்லாம் நாங்க பாத்துக்கறோம்" என்றான்.

அவன் பாவம், எங்கள் தலைமுறைக்கு அந்த வசனம் என்ன செய்யும் என்று அவனுக்கு எப்படித் தெரியும்? நான் கதிரையை விட்டு எழும்பினேன். கழிப்பறை எங்கே என்று கேட்டேன்.

அந்த வசனத்தை நான் முதலில் கேட்டது யுத்தத்துக்குத் தப்பி வரும் வழியில், பனி கொட்டிய ஒரு நகரத்தில். அதன் பெயரை அப்போது எங்களுக்குச் சொல்லவில்லை, பின்னர் நானும் தேடவில்லை. நாலாம் மாடியில் ஓர் அறை. நானும் அக்காவும் வேறு சில பெண்பிள்ளைகளும். எங்களைக் கூட்டிவந்தவன் பெயர் குமார். அவனுடைய பெயர் குமார் இல்லை என்று எல்லோருக்கும் தெரியும். வந்து சேர்ந்த அன்றே அவன் ஒரு கடைப் பையை விரித்துப் பிடித்தான்.

"பாஸ்போர்ட்டுகளைப் போடுங்கோ. இஞ்சை பொலிஸ் வந்தால் உங்களுக்குத்தான் கரைச்சல். என்னட்டைப் பத்திரமா இருக்கும். எல்லாம் நான் பாக்கிறன்."

போட்டோம். அக்கா போட்டாள், பின்னர் நான் போட்டேன். தேவாலயத்தில் காணிக்கை போடுவதுபோல வரிசையாக நின்று போட்டோம். அவன் பையை முடிந்துகொண்டு போனான். பிறகு எப்போது கேட்டாலும் "நாளைக்கு" என்பான்.

நான் உங்களுக்குச் சொல்ல விரும்புவது இதுதான். அவன் எங்களைப் பூட்டி வைக்கவில்லை. கதவு திறந்துதான் கிடந்தது. படியில் இறங்கினால் தெரு, தெருவில் பாண் சுடும் கடை, மணி அடித்துக்கொண்டு ஓடும் டிராம். ஆனால் நாங்கள் ஒருவரும் இறங்கவில்லை. கையில் அந்தச் சின்னப் புத்தகம் இல்லாமல் யார் நாங்கள்? தெருவில் ஒருவன் நிறுத்தி யார் நீ என்று கேட்டால் எதைக் காட்டுவது? அந்த அறையில் நான் பட்ட பயத்தை எந்த ஷெல்லடியிலும் பட்டதில்லை. ஷெல் விழுந்தபோது நான் யார் என்று எனக்குத் தெரிந்திருந்தது.

அந்தக் கடவுச்சீட்டை நான் பிறகு காணவில்லை. வேறு ஒருத்தியின் கடவுச்சீட்டில்தான் லண்டன் வந்தேன். என் படத்தை உரித்துவிட்டு அதில் வேறு யாருடைய படத்தையோ ஒட்டியிருப்பார்கள். என் பெயரோடு அவள் எங்கே போனாளோ, போய்ச் சேர்ந்தாளோ தெரியாது. சில வேளை பூசையில் அவளுக்காகவும் ஒரு பரமண்டலச் செபம் சொல்வேன்.

4

செப்டம்பரில் மால்ட்டாவைப் பார்த்ததும் எனக்கு நெஞ்சு கொஞ்சம் ஆறியது. எங்கே திரும்பினாலும் தேவாலயம். வீட்டு வாசல்களில் மாதாவின் சுரூபம், மூலைக்கு மூலை ஒரு புனிதர். மஞ்சள் கல் வீடுகள், அடைத்த பலகணிகள், வெயில். அன்ரன் தொப்பியைக் கழற்றிவிட்டு, "இது எங்கட ஆக்களின்ர நாடப்பா" என்றார். மாலைப் பூசைக்குப் போனோம். பாதர் வாய் திறந்து கடவுளை "அல்லா" என்றார். நான் அன்ரனைப் பார்த்தேன், அன்ரன் என்னைப் பார்த்தார். அவர்களுடைய மொழியில் கடவுளுக்கு அதுதான் சொல் என்று ஷெரின் காதுக்குள் விளக்கினாள். அதற்குள் நான் சிலுவை போட்ட கையை அரைவாசியில் நிறுத்தியிருந்தேன். எங்கட ஆக்களின் நாடு என்று அவசரப்பட்டுச் சொல்லக் கூடாது என்று அப்போதே எனக்குப் பட்டது.

நாங்கள் லண்டன் திரும்பும் நாள் அவளுடைய அறையில் அரிசி, மிளகாய்த்தூள், சவர்க்காரம் எல்லாம் அடுக்கிவிட்டு அவளைக் கட்டிலில் இருத்தினேன்.

"பிள்ளை, நான் உனக்கு ஒண்டே ஒண்டுதான் சொல்லுறன். பாஸ்போர்ட்டை ஒருத்தரிட்டையும் குடுக்காதை. கொலிஜ் கேட்டாலும் சரி, வீட்டுக்காரர் கேட்டாலும் சரி. கொப்பி எடுத்துக் குடு. காட்டு. கையை விட்டுக் குடுக்காதை."

"ஓகே அம்மா."

"ஓகே இல்லை. சத்தியம் பண்ணு."

"அம்மா!" என்று கண்ணை உருட்டினாள். ஆனால் என் முகத்தைப் பார்த்துவிட்டு என் உள்ளங்கையில் தன் கையை வைத்தாள்.

இந்தப் பிள்ளை என் சொல்லை எதில் கேட்டிருக்கிறாள்? மூக்கில் துளை போடாதே என்றேன், போட்டாள். ஞாயிறு பூசைக்குப் போ என்றேன், நித்திரை கொண்டாள். வீட்டில் தமிழில் கதை என்றேன், "ட்ரை பண்ணுறன் அம்மா" என்று இங்கிலீசுக்குப் போய்விட்டாள். என்னை விட்டு அவள் தூரப் போகிறாள் என்று நான் கோயிலில் அழாத கிழமை இல்லை. ஆனால் நான் சொன்னவற்றுள் இந்த ஒன்றை மட்டும் அவள் அப்படியே பிடித்துக்கொண்டாள்.

5

போன செவ்வாய்க்கிழமை மத்தியானம், கடையில் ஆட்கள் குறைந்த நேரம், ஷெரின் கூப்பிட்டாள். வகுப்பு நேரத்தில் அவள் கூப்பிடுவதில்லை. நான் மருந்து அடுக்கிய தட்டுகளுக்குப் பின்னால் போய் நின்றேன்.

"அம்மா, நீங்கள் பனிக் ஆகக் கூடாது."

அப்படித் தொடங்கினால் யார்தான் பதறாமல் இருப்பார்கள்?

விஷயம் இதுதான். லண்டன் பிள்ளைகள் அந்த நாட்டில் விசா இல்லாமல் மூன்று மாதம் இருக்கலாம். அதற்குமேல் இருப்பதென்றால், அந்த மூன்று மாதத்துக்குள் மாணவர் அனுமதி அட்டைக்கு விண்ணப்பிக்க வேண்டும். ஒக்டோபரிலேயே கல்லூரி அலுவலகத்தில் ரீட்டா என்ற பெண் வெளிநாட்டுப் பிள்ளைகளின் கடவுச்சீட்டுகளைச் சேர்த்துக் குடிவரவு அலுவலகத்துக்குக் கொண்டுபோயிருக்கிறாள். சில நாளில் திருப்பியும் கொடுத்துவிட்டாள். மற்ற எல்லாப் பிள்ளைகளும் கொடுத்தார்கள், ஷெரின் கொடுக்கவில்லை. பிரதிதான் தருவேன் என்றிருக்கிறாள். பிரதி செல்லாது என்று ரீட்டா திரும்பத் திரும்ப எழுதியிருக்கிறாள். இவள் இன்றைக்கு, நாளைக்கு என்று கடத்தியிருக்கிறாள். இப்போது மூன்று மாதம் முடியப் போகிறது.

"ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"நீங்கள்தானே குடுக்காதை எண்டு சொன்னனீங்கள். சொன்னால் பயப்படுவீங்கள் எண்டு... ஐ தோட் நான் மனேஜ் பண்ணலாம் எண்டு."

"சரி, நத்தாருக்கு வாறாய்தானே. வந்திடு. வந்து யோசிப்பம்."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

"அம்மா, வந்தால் திரும்பிப் போக ஏலாது. மூண்டு மாதத்தையும் முடிச்சிட்டு வெளியில வந்தால் அடுத்த மூண்டு மாதத்துக்கு உள்ளுக்கு விடமாட்டினம். ஜனவரியிலை எக்ஸாம். எக்ஸாம் எழுதாட்டில் இந்த வருசம் போச்சு. மெடிசினும் போச்சு."

"அப்ப என்ன செய்யவேணும்?"

"இந்தக் கிழமைக்குள்ளை நான் நேரா குடிவரவு ஒபிசுக்குப் போகவேணும். பாஸ்போர்ட்டை அவை வாங்கி வைப்பினம். லீவு வருது, அதாலை புதுவருசத்துக்குப் பிறகுதான் திருப்பித் தருவினமாம். அதுவரைக்கும் நான் எங்கையும் போக ஏலாது. நத்தாருக்கும் வர ஏலாது." கொஞ்சம் நிறுத்திவிட்டுக் கேட்டாள். "அம்மா, நீங்கள் சொல்லுங்கோ. குடுக்கவா?"

கவுண்டரில் ஒரு கிழவர் இருமலுக்குப் பாணி மருந்து கேட்டு மணியை அடித்துக்கொண்டிருந்தார். "பிறகு கதைக்கிறன் குஞ்சு" என்று வைத்துவிட்டேன். அவருக்குப் பாணியைக் கொடுத்து, எத்தனை கரண்டி என்று சொல்லும்போது என் குரல் எங்கோ தூரத்தில் கேட்டது.

நினைத்துப் பாருங்கள். என் பிள்ளை பூட்டாத கதவுள்ள ஓர் அறையில், கையில் அந்தப் புத்தகம் இல்லாமல், யாரோ 'நாளைக்கு' என்று சொல்வதைக் கேட்டுக்கொண்டு இருக்கப்போகிறாள். எதற்குப் பயந்து அவளிடம் சத்தியம் வாங்கினேனோ, அந்தச் சத்தியமே அவளை அங்கே கொண்டுபோய் நிறுத்திவிட்டது.

6

அன்ரனுக்குப் பஸ் டிப்போவில் வேலை. ஷிப்ட் முடிந்து வந்து சப்பாத்தைக் கழற்றுமுன்னே எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் சத்தம் போடுவார் என்று நினைத்தேன், போடவில்லை.

"வரச் சொல்லுவம்" என்றேன். "படிப்புப் போனால் போகட்டும். இஞ்சை ஏதும் படிக்கலாம். நேர்சிங் படிக்கலாம். பிள்ளை கையுக்கு வந்தால் காணும்."

"நேர்சிங் படிக்கிறது குறைவில்லை. ஆனால் அவள் அதையா கேட்டவள்?"

"அப்ப நீங்களே சொல்லுங்கோ, குடு எண்டு. நீங்கள் தேப்பன்."

அவர் தலையை ஆட்டினார். "நான் சொன்னால் குடுப்பாள். ஆனால் உம்மட சொல்லை மீறினது எண்டு நெஞ்சுக்குள்ள வைச்சிருப்பாள். நீர்தான் பிடிக்கச் சொன்னீர். விடச் சொல்லுறதும் நீராத்தான் இருக்கவேணும்."

எனக்குக் கோபம் வந்தது. இந்த மனிதர் கொழும்பிலிருந்து மாணவ விசாவில், நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு விமானத்தில் வந்தவர். அவருக்கு என்ன தெரியும் என்று அடுப்பங்கரைக்குள் போய் இன்னொரு சட்டி பணியாரம் சுட்டேன். கருகிவிட்டது.

புதன்கிழமை பரிஸில் இருக்கும் அக்காவைக் கூப்பிட்டேன். அக்கா மட்டுந்தான் என்னோடு அந்த அறையில் இருந்தவள், அவள் என் பக்கம் நிற்பாள் என்று நம்பினேன். பின்னால் கெவினின் சத்தம் கேட்டது. அவன் பிரெஞ்சு அடையாள அட்டையைக் காட்டிவிட்டு நத்தாருக்கு வந்துவிட்டானாம். அது என் காதில் முள்ளாகக் குத்தியது. அவன்மேல் பிழை இல்லை.

எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அக்கா சொன்னாள். "குடுக்கச் சொல்லு ஜெசி."

"குமாரின்ர பையை மறந்திட்டியே அக்கா?"

"ஆர் மறந்தது? இப்பவும் கடைப் பை சரசரக்கிற சத்தம் கேட்டால் எனக்குக் கை குளிரும். ஆனால் யோசிச்சுப் பார். அண்டைக்கு எங்கட பாஸ்போர்ட் போனால் கேக்க ஆர் இருந்தவை? ஷெரின்ர பாஸ்போர்ட் துலைஞ்சால் அவள் அந்த ஊர்ப் பிரிட்டிஷ் தூதரகத்துக்குப் போய் நிண்டால் புதுசு குடுப்பினம். அவள் அந்த நாட்டின்ர பிள்ளை."

"நாட்டின்ர பிள்ளையள் எண்டு எங்களுக்கும்தான் முந்திப் புத்தகம் தந்தவை, அக்கா. அதைத்தானே அந்தப் பைக்குள்ளை போட்டனாங்கள்."

அக்கா "ஓம்" என்றாள். "அது சரிதான். ஆனால் நீ பயந்தால் பிள்ளையின்ர பயமும் தீராது. அவள் அங்கை தனிய நிண்டு உன்ர பயத்தையெல்லோ பிடிச்சுக்கொண்டு நிக்கிறாள்."

நான் பயந்தது ரீட்டாவுக்கோ, குடிவரவு அலுவலகத்துக்கோ, ஐஸ்கிரீம் கடைக்கு மேலே இருக்கும் தனியார் கல்லூரிக்கோ இல்லை. அங்கே குமார் இல்லை என்று எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தும் பயம் போகவில்லை, அதுதான் என்னை இன்னும் பயப்படுத்தியது. அறிவுக்குத் தெரிந்தது கைக்குத் தெரியவில்லை.

வியாழக்கிழமை வேலைக்கு லீவு சொல்லிவிட்டு, முன்னறையில் இருந்து ஷெரினை வீடியோவில் கூப்பிட்டேன். அவளுக்குப் பின்னால் அந்த மஞ்சள் கல் சுவர் தெரிந்தது. கண்கள் வீங்கியிருந்தன. மேசையில் பக்கத்திலேயே கடவுச்சீட்டை வைத்திருந்தாள். தலையணைக்கு அடியில் வைத்துப் படுத்ததாகச் சொன்னாள். நானும் லண்டன் வந்த முதல் வருடம் கிடைத்த தாள்களையெல்லாம் அப்படித்தான் வைத்துப் படுத்தேன். நான் இதை அவளுக்கு ஒருநாளும் சொன்னதில்லை.

"பிள்ளை, குடு" என்றேன்.

"வட்?"

"பாஸ்போர்ட்டைக் குடு. நாளைக்கே போய்க் குடு. அம்மா சொல்லுறன். சத்தியம் முடிஞ்சுது."

"ஆர் யூ ஷுவர் அம்மா?"

"ஓம்" என்றேன். என் வாழ்க்கையில் நான் சொன்ன பெரிய பொய் அதுதான். "ஆனால் ரீட்டாவையும் கூட்டிக்கொண்டு போ. கவுண்டரிலை குடு, வேறை ஆரும் கேட்டால் குடாதை. வாங்கினதுக்குத் துண்டு தரச் சொல்லு. வாங்குற ஆளின்ர முகத்தைப் பாத்து வை."

"அம்மா, அவை கிரிமினல்ஸ் இல்லை."

"அது எனக்குத் தெரியும். நீ பாத்து வை."

7

வெள்ளிக்கிழமை கடையில் நான் ஒரு மாத்திரைப் பெட்டியை மூன்றுதரம் சரிபார்த்தேன். அப்படியும் நம்பிக்கையில்லாமல் மருந்தாளரிடம் கொடுத்து இன்னொருதரம் பார்க்கச் சொன்னேன். போன் என் மேலங்கிப் பைக்குள் இருந்தது. ஒவ்வொருதரம் அது அதிரும்போதும் கையிலிருந்ததை வைத்துவிட்டு எடுத்துப் பார்த்தேன். ஒன்று கவுன்சிலின் குப்பை அறிவிப்பு. ஒன்று திரேசா அக்கா, நத்தார்ப் பாட்டுக்கு ஷெரின் வருவாளா என்று கேட்டு. கடைசியாகத்தான் ஷெரின் கூப்பிட்டாள்.

"முடிஞ்சுது அம்மா."

"ஆர் வாங்கினது?"

"கவுண்டரிலை ஒரு அன்ரி. கண்ணாடி போட்டவ."

"துண்டு தந்தவவோ?"

"தந்தவ. உங்களுக்குப் படம் அனுப்பியிருக்கிறன். சீல் எல்லாம் இருக்கு. எக்ஸாமுக்கு ஒரு பிரச்சினையும் இல்லையாம். ரீட்டா நத்தாருக்குத் தன்ர வீட்டை வரச் சொன்னவ."

படத்தைத் திறந்து பெரிதாக்கிப் பார்த்தேன். வெள்ளைத் துண்டு. என் மகளின் பெயர், முத்திரை, கையெழுத்து, திரும்பிப் பெறும் நாள். 'நாளைக்கு' என்று அல்ல, ஒரு நாள் போட்டிருந்தது. குமார் எனக்கு ஒரு துண்டும் தரவில்லை. தந்திருந்தால் என்ன செய்திருப்பேன் என்று தெரியாது, ஆனால் கையில் பிடித்திருக்க ஏதாவது இருந்திருக்கும்.

"அம்மா, இருக்கிறீங்களா?"

"இருக்கிறன்."

"நான் ஒண்டு சொல்லவா? சிரிக்கக் கூடாது."

"சொல்லு."

"அந்த அன்ரி கையை நீட்டினவ. நானும் நீட்டினன். அவ இழுக்கிறா, வரேல்லை. திரும்பவும் இழுக்கிறா. பாத்தா, நான் ஒரு மூலையைப் பிடிச்சுக்கொண்டு நிக்கிறன். உங்களை மாதிரியே."

நான் சிரிக்கவில்லை. அழவும் இல்லை. மருந்துத் தட்டைப் பிடித்துக்கொண்டு நின்றேன். என்னிடமிருந்து இந்தப் பிள்ளை எதையும் எடுத்துக்கொள்ளவில்லை என்று எத்தனை ஞாயிறு மாதாவிடம் முறையிட்டிருப்பேன். எடுத்ததுதான் எடுத்தாள், இதையா எடுக்க வேண்டும்?

"பிறகு?" என்றேன்.

"பிறகு என்னம்மா," என்றாள் ஷெரின், "விட்டன்."